தேக்கும் எஃகும்: காட்டுப்பள்ளிக் கரையில் ஒரு நாள்

கும்மிடிப்பூண்டியிலிருந்து பொன்னேரியை நோக்கிப் புறப்படுவோருக்குச் சிப்காட் தொழிற்பேட்டையின் புகை சிறிது தூரம் துணையாக வரும். பழைய இரும்பை உருக்கிக் கட்டடக் கம்பியாக இழுக்கும் ஆலைகள் அங்கே பல. இரவு வேலை முடித்த இளைஞர்கள் கரிபடிந்த கைகளோடு தேநீர்க் கடைகளின் முன் நிற்பார்கள். பொன்னேரியில் கிழக்கே திரும்பியதும் காட்சி மாறுகிறது. நெல்வயல், பனைமரம், பின்னர் உவர்நிலம். இறுதியில் ஏரியா கடலா என்று கண்ணை மயக்கும் பழவேற்காட்டு நீர்ப்பரப்பு.

சென்ற மாதம் ஒரு தந்தையையும் அவருடைய மகனையும் அழைத்துக்கொண்டு இந்த வழியே சென்றேன். தந்தை மீனவர், ஏரியிலும் கடலிலும் வலை வீசிக் குடும்பத்தைக் காப்பவர். மகன் தொழிற்பயிற்சி நிலையத்தில் பற்றவைப்பு வேலை கற்றுக் கும்மிடிப்பூண்டியில் பணி செய்பவன். காட்டுப்பள்ளியிலுள்ள கப்பல் கட்டும் தளத்தில் வேலைக்குச் சேர வேண்டும் என்பது அவன் விருப்பம். தந்தைக்கோ அது பிடிக்கவில்லை. “கரை நெடுக கல்லைப் போட்டு எங்க கடலைச் சுருக்கிட்டாங்க. அந்தப் பக்கம் என் மகன் கூலிக்குப் போறதா?” என்று கூறியவர், அதன் பின் மகனோடு பேசுவதையே நிறுத்திவிட்டார். மூன்று வாரம் பொறுத்துப் பார்த்த தாய் பங்கு இல்லத்திற்கு வந்து அழுதார். “நீங்கதான் சாமி ஒரு வார்த்தை சொல்லணும்” என்றார்.

எந்த வார்த்தையைச் சொல்வது? இருவர் பக்கமும் நியாயம் இருந்தது. எனவே, முதலில் மகிமை மாதாவின் திருத்தலத்திற்கு ஒரு திருப்பயணம் போய் வருவோம் என்று இருவரையும் வண்டியில் ஏற்றிக்கொண்டேன்.

மகிமை மாதாவின் நிழலில்

போர்த்துக்கீசியர் காலத்தில், 1515-ஆம் ஆண்டில் தோன்றியதாகக் கருதப்படும் திருத்தலம் அது. அவர்களுக்குப் பின் வந்த டச்சுக்காரர் 1613-இல் இங்கே கெல்டிரியா என்னும் கோட்டையை எழுப்பினர். பழவேற்காட்டுத் துணிகள் இங்கிருந்து கீழை நாடுகளுக்குக் கப்பலேறின. 1825-இல் ஊர் ஆங்கிலேயர் கைக்கு மாறியது. இன்று கோட்டையிருந்த இடத்தில் புதரும் செங்கல்லுமே மிஞ்சியுள்ளன. டச்சுக் கல்லறைத் தோட்டம் மட்டும் அக்காலத்துக்குச் சாட்சியாக நிற்கிறது.

செபம் முடித்து முகத்துவாரத்தின் அருகே அமர்ந்தோம். மகன்தான் மௌனத்தைக் கலைத்தான். “சாமி, வந்தவங்க எல்லாரும் கப்பல்ல வந்தாங்க. நம்ம ஆளுங்க எப்பவாச்சும் அது மாதிரி பெரிய கப்பல் கட்டினது உண்டா?”

நான் வாய் திறக்குமுன் தந்தை குறுக்கிட்டார். “இந்தக் கரையில எப்படிக் கட்டுவான்? மாசத்துக்கு ஒரு பக்கம் மணல் அடைக்குது. என் படகே தரை தட்டுது.” மகனைப் பாராமல், நீரைப் பார்த்துக்கொண்டே அவர் சொன்ன விடை முற்றிலும் சரியானது. சோழமண்டலக் கரையில் பெரிய கப்பல்களுக்கு ஒதுங்க இடமில்லை. வெள்ளம் ஏறி இறங்கும் அளவு இங்கே ஏறத்தாழ ஒரு மீட்டர்தான். சென்னையிலேயே துறைமுகப் பணி 1870-களில்தான் தொடங்கியது. அதுவரை கப்பல்கள் தொலைவில் நங்கூரமிட்டு நிற்க, ஆட்களையும் சரக்குகளையும் நம் மீனவர்களே படகில் கரை சேர்த்தனர். ஆணியே இல்லாமல், பலகைகளைத் தேங்காய்நார்க் கயிற்றால் தைத்த படகுகள் அவை. ஆணி அடித்த படகு நொறுங்கிவிடும் அலையில், தைத்த படகு வளைந்து கொடுத்து உயிர் காத்தது. வடக்கே கோதாவரிக் கழிமுகத்திலிருந்த கோரிங்காவில் கப்பல் கட்டும் தொழில் தழைத்திருந்தது. 1839-ஆம் ஆண்டுப் புயல் அவ்வூரையே வாரிக்கொண்டு போயிற்று.

“ஆனால் தம்பி, நம் நாட்டில் கட்டினார்கள். உலகமே வியக்கக் கட்டினார்கள்” என்று சொல்லிப் பம்பாயின் கதையைத் தொடங்கினேன்.

பம்பாயின் தேக்குக் கப்பல்கள்

1736-இல் சூரத்திலிருந்து லவ்ஜி நசர்வான்ஜி வாடியா என்னும் பார்சித் தச்சர் பம்பாய்க்கு அழைத்து வரப்பட்டார். கிழக்கிந்தியக் கம்பெனிக்குக் கப்பல் கட்டுவதே அவர் பணி. அங்கே கடல் நான்கு மீட்டருக்கும் மேலாக ஏறி இறங்கும். வெள்ளம் ஏறும்போது கப்பலைத் தளத்துக்குள் மிதக்க விட்டு, வற்றும்போது நீரை வடித்து மதகை அடைத்தால், கப்பலின் அடிப்பாகம் உலர்ந்த தரையில் நிற்கும். இயற்கை தந்த இந்த வசதியோடு வாடியா குடும்பத்தின் கைத்திறமையும் சேர்ந்தது.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நெப்போலியனோடு போர் மூண்டிருந்த இங்கிலாந்துக்கு ஓக் மரம் போதவில்லை. அதன் கடற்படை பம்பாயை நாடியது. ஜம்ஷெட்ஜி பொமான்ஜி வாடியா 1810-இல் ‘மிண்டன்’ என்னும் 74 பீரங்கிப் போர்க்கப்பலைக் கட்டி மிதக்கவிட்டார், 1813-இல் ‘கார்ன்வாலிஸ்’. அவர் மறைவுக்குப் பின் 1824-இல் பம்பாயில் கட்டப்பட்ட ‘ஏசியா’, 1827-ஆம் ஆண்டு நவரினோ கடற்போரில் ஆங்கிலேயத் தளபதியின் கொடிக்கப்பலாயிற்று.

“ஆணி அடிச்சாத் துருப்பிடிக்குமே சாமி?” என்றார் தந்தை. கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார்! தேக்கின் பெருமை அங்கேதான் இருக்கிறது. ஓக் மரத்தின் புளிப்புச் சத்து இரும்பாணியை அரித்துவிடும். தேக்கிலுள்ள எண்ணெய்ப் பசையோ ஆணியைக் காக்கும். மரமும் எளிதில் உளுக்காது. அதற்கு மேல், கடற்புழு துளைக்காதிருக்க அடிப்பாகத்துக்குச் செப்புத் தகடு போர்த்துவார்கள்.

அவர்கள் கட்டிய கப்பல்களுள் ஒன்று திரிகோணமலையின் பெயரைத் தாங்கியது. அதன் வரைபடங்களைப் பம்பாய்க்குச் சுமந்து வந்த ‘ஜாவா’ என்னும் கப்பலை 1812 டிசம்பரில் பிரேசில் கரைக்கப்பால் அமெரிக்கர் வீழ்த்தினர்; வரைபடங்கள் கடலோடு போயின. மறுபடி அனுப்பப்பட்டு, 1816-இல் வேலை தொடங்கி, 1817 அக்டோபர் 12-ஆம் நாள் ‘டிரிங்கோமலீ’ நீரில் இறங்கியது. இருநூறு ஆண்டுகளைக் கடந்தும் இங்கிலாந்தின் ஹார்ட்டில்பூல் நகரில் அக்கப்பல் இன்றும் மிதக்கிறது. மலையாளக் காட்டுத் தேக்கும், நம் நாட்டுத் தச்சர்களின் இழைப்புளியும் அதில் உயிரோடிருக்கின்றன. ஜம்ஷெட்ஜியின் பெயர் நமக்குத் தெரியும். மரம் அறுத்தவர்கள், இடுக்குகளில் பஞ்சும் குங்கிலியமும் அடைத்தவர்கள் ஆகியோரின் பெயர்கள்? இறைவன் ஒருவரே அறிவார்.

மகனின் முகம் மலர்ந்தது. ஆனால் கதை அங்கே முடியவில்லை. முடிந்ததாகச் சொல்லியிருந்தால், தந்தைக்கு நான் நியாயம் செய்தவனாக மாட்டேன்.

கதையின் மறுபக்கம்

அந்தத் தேக்கு எங்கிருந்து வந்தது? மலபார்க் காடுகளிலிருந்து. 1806-இல் கம்பெனியார் காப்டன் வாட்சன் என்பவரைக் காடுகளின் காப்பாளராக நியமித்தனர். தேக்கு முழுவதும் கம்பெனிக்கே என்றாயிற்று. காட்டை நம்பி வாழ்ந்தவர்களும், தங்கள் நிலத்தில் மரம் வைத்திருந்தவர்களும் அதைத் தொடக்கூடாதென்று தடுக்கப்பட்டனர். மக்களின் மனக்கசப்பு முற்றி, 1823-இல் சென்னை ஆளுநர் தாமஸ் மன்றோ அந்தப் பதவியையே நீக்கினார். அதற்குள் காடுகள் வெகுவாக அழிந்திருந்தன. 1840-களில் நிலம்பூரில் மறுபடி தேக்கு நட வேண்டியதாயிற்று.

கப்பல்கள் எதற்குப் பயன்பட்டன? 1829-இல் கல்கத்தாவை அடுத்த ஹௌராவில் கட்டப்பட்ட ‘ரெட் ரோவர்’ என்னும் விரைவு வணிகக்கப்பல், எதிர்ப்பருவக் காற்றையும் மீறிச் சீனத்துக்கு அபினி சுமந்தது. அந்த அபினிக்காக மூண்ட போரின் முடிவில், 1842 ஆகஸ்ட் 29-இல், நான்கிங் உடன்படிக்கை கையெழுத்தானது ஜம்ஷெட்ஜி கட்டிய அதே ‘கார்ன்வாலிஸ்’ கப்பலின் மேல்தான். தச்சன் செம்மையாகச் செய்தான். வணிகன் நஞ்சை ஏற்றினான்.

கட்டியவர்களுக்கும் நீதி கிடைக்கவில்லை. இந்தியக் கப்பல்கள் தேம்ஸ் நதிக்கு வரத் தொடங்கியதும் இலண்டன் கப்பல் கட்டுவோர் கூக்குரலிட்டனர். 1823-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று, நம் மாலுமிகளைப் பிரிட்டிஷ் மாலுமிகளாகக் கணக்கிடக் கூடாதென்று வரையறுத்தது. பின்னர் நீராவியும் இரும்பும் வந்தன. தேக்கின் காலம் மறைந்தது. தலைமுறை தலைமுறையாக வளர்ந்த கைத்தொழிலும் தேய்ந்தது.

“பார்த்தியா?” என்றார் தந்தை. மூன்று வாரத்திற்குப் பிறகு அவர் மகனிடம் பேசிய முதற்சொல் அது!

காட்டுப்பள்ளியில்

பொன்னேரி, மீஞ்சூர் வழியாகக் காட்டுப்பள்ளியை அடைந்தபோது பிற்பகலாகிவிட்டது. ஒரு புறம் கொசஸ்தலையாற்றின் உப்பங்கழி, மறுபுறம் கடல், நடுவே அனல் மின்நிலையங்கள், துறைமுகங்கள், பாரந்தூக்கிகள். கப்பல் தளத்தின் உள்ளே செல்ல நமக்கு அனுமதி இல்லை. தொலைவிலிருந்தே பார்த்தோம்.

இங்கே இப்போது எஃகுக் கப்பல்கள் பிறக்கின்றன. 2018-இல் கடலோரக் காவற்படையில் சேர்ந்த ‘விக்ரம்’ இங்கே கட்டப்பட்டது. கடலின் ஆழத்தை அளந்து மாலுமிகளுக்கு வழி சொல்லும் ‘நிர்தேஷக்’ 2022 மே மாதத்திலும், நீர்மூழ்கிகளைத் தேடும் ‘அர்னாலா’ அதே ஆண்டு டிசம்பரிலும் இங்கே நீரில் இறங்கின. 2022 ஆகஸ்டில் அமெரிக்கக் கடற்படையின் ‘சார்லஸ் ட்ரூ’ பழுதுபார்க்க இங்கு வந்தது. அவர்களது கடற்படைக் கப்பலொன்று பழுதுபார்ப்புக்காக இந்தியாவுக்கு வந்தது அதுவே முதன்முறை. வெள்ளம் வற்றக் காத்திருந்த காலம் போயிற்று. கப்பலை அப்படியே நீரிலிருந்து தூக்கும் மேடை இங்கே உண்டு. மரத்துக்கு மரம் பொருத்திய தச்சனின் இடத்தில் தகட்டுக்குத் தகடு பற்றவைக்கும் தொழிலாளி நிற்கிறான்.

அதே கரையில்தான் மீனவரின் அச்சமும் நிற்கிறது. துறைமுக விரிவாக்கத் திட்டத்தைப் பழவேற்காட்டு மீனவர்கள் எதிர்த்துக் குரல் எழுப்பியுள்ளனர். கரை அரிக்கும், முகத்துவாரம் அடைபடும், இறாலும் நண்டும் வளரும் ஏரி கெடும் என்பது அவர்கள் கவலை. மலபார்க் காட்டில் அன்று எழுந்த குரலுக்கும் இதற்கும் உறவு உண்டு. ஒருவருடைய கப்பலுக்காக மற்றொருவருடைய காடோ கடலோ கேளாமல் எடுக்கப்படுமானால், எத்துணை அழகிய கப்பலாயினும் அதன் அடிப்பலகையில் ஒரு கண்ணீர்த்துளி இருக்கும்.

விவிலியத்தின் சாலமோனின் ஞானம் என்னும் நூல் தன் 14-ஆம் அதிகாரத்தில் கப்பலைப் பற்றிப் பேசுகிறது. பொருளாசையையும் கைவினைஞனின் ஞானத்தையும் அங்கே அது அடுத்தடுத்து வைக்கிறது. இரண்டும் ஒரே கப்பலில்தான் பயணம் செய்கின்றன. பம்பாயில் அப்படித்தான் இருந்தது; காட்டுப்பள்ளியிலும் அப்படித்தான். ஞானத்தைக் கையில் ஏந்துகிறவன், பொருளாசைக்குத் தன் வாயை அடகு வைக்கக் கூடாது. இதைத்தான் அந்த மகனிடம் சொன்னேன்: “வேலைக்குப் போ. சூசையப்பர் தச்சுப்பட்டறையில் நின்றதுபோல நேர்மையாய் நில். ஆனால் உன் தந்தையின் கடலுக்காகப் பேச வேண்டிய இடத்தில் ஊமையாகிவிடாதே.” தந்தையிடம், “மகன் எதிரியின் வீட்டுக்குப் போகவில்லை ஐயா, உங்கள் பாட்டனார் கயிற்றால் செய்ததை இவன் நெருப்பால் செய்யப் போகிறான்” என்றேன்.

அவர் விடையளிக்கவில்லை. தளத்தில் நின்ற கப்பலின் முன்முகத்தையே வெகுநேரம் பார்த்தார். படகோட்டியின் கண் அல்லவா? அலையை அது எப்படி வெட்டும் என்று அளந்திருப்பார். பொழுது சாயும் வேளையில் மகனின் தோளில் கை வைத்துச் சொன்னார்:

“கட்டுறதுன்னா ஒழுகாமக் கட்டு. உள்ள போறவனும் எவனோ பெத்த புள்ளதான்.”

இருநூறு ஆண்டுகளுக்கு முன் பம்பாய்த் தச்சர்களும் தம் மக்களுக்கு இதையேதான் சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும். திரும்பும் வழியில் முன்னிருக்கையில் நான் செபமாலை சொல்லி வந்தேன். பின்னிருக்கையில் தந்தையும் மகனும் வாடைக்காற்றைப் பற்றியும், வலையின் விலையைப் பற்றியும் பேசிக்கொண்டே வந்தார்கள்.