ஒரு சிற்றூரும் இரண்டு கேள்விகளும்

சென்ற மாதத்தில் ஒருநாள் மாலை, என் மகளின் விண்ணப்பப் பத்திரம் ஒன்றை நிரப்பிக்கொண்டிருந்தேன். இனம் யாது, தாய்மொழி யாது என்னும் இரு கட்டங்களையும் கணப்பொழுதில் எழுதி முடித்தேன். அன்றிரவு, மறுநாட் பாடத்துக்காக ஹங்கேரி நாட்டின் வரலாற்றைப் படிக்கலானேன். அப்பொழுது அவ்விரு கட்டங்களும் மீண்டும் என் கண்முன் வந்து நின்றன.

ஹங்கேரியின் தெற்கே, பரன்யா மாகாணத்தில், வேமேந்து என்றொரு சிற்றூர் உண்டு. 1526ஆம் ஆண்டிலே ஹங்கேரியரின் படை துருக்கியரிடம் தோற்ற மொகாச் என்னும் களம் அதற்கு அணித்தாகவே உள்ளது. ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் நீடித்த துருக்கியர் ஆட்சியாலும் அதனை ஒழித்த போர்களாலும் அப்பிரதேசத்தின் ஊர்கள் பல பாழ்பட்டன. வெறுமையான அந்நிலத்திலே தெற்கிலிருந்து வந்த சேர்பியர் குடியேறினர். பதினெட்டாம் நூற்றாண்டில், நிலப்பிரபுக்களின் அழைப்பை ஏற்று, ஜேர்மானிய உழவர்கள் டானியூப் நதிவழியே படகேறி வந்தனர். அவர்களுட் பலர் புல்டா என்னும் திருச்சபை நாட்டைச் சேர்ந்தவர்கள். தாம் விட்டுவந்த அந்நாட்டின் நினைவாகவே, புகையில் உலர்த்திய தம் இறைச்சிப் பண்டத்துக்கு ஸ்டிபோல்டர் என்று பெயர் வழங்கினர். அதற்குச் செந்நிறமூட்டும் மிளகாய்த்தூளோ ஹங்கேரியருடையது.

இவ்வாறு ஒரே ஊரில் மூன்று மொழிகள் ஒலித்தன. கத்தோலிக்கர் டிசம்பர் 25இல் நத்தார் கொண்டாட, சேர்பியர் தம் பழைய பஞ்சாங்கப்படி ஜனவரி 7இல் கொண்டாடினர். அயலார் மொழியையும் அறிந்திருப்பது அங்கே கல்வியன்று, அன்றாட வாழ்க்கை.

1941இல் ஹங்கேரியில் குடிசன மதிப்பீடு நடைபெற்றது. தாய்மொழி யாது என்றும், இனம் யாது என்றும் தனித்தனியே வினவப்பட்டது. "தாய்மொழி ஜேர்மன், இனம் ஹங்கேரியர்" என்று விடையளித்தோர் பலர். இரண்டும் அவர்கள் நெஞ்சறிந்த உண்மைகளே. ஆயின் போர் முடிந்தபின், 1945 டிசம்பரில் அரசாங்கம் ஓர் ஆணை பிறப்பித்தது. நாஜி இயக்கங்களிற் சேர்ந்தவர்கள் மட்டுமன்றி, அந்த மதிப்பீட்டில் ஜேர்மன் இனத்தவர் என்றோ, ஜேர்மன் மொழியினர் என்றோ தம்மைக் குறித்தவர்களும் நாடு கடத்தப்படவேண்டும் என்றது அவ்வாணை. 1946 ஜனவரி 19ஆந் தேதி தொடங்கி 1948 வரையில், ஏறத்தாழ 2 இலட்சம் பேர் மூட்டை முடிச்சுகளுடன் புகைவண்டியில் ஏற்றப்பட்டனர்.

அவர்களுடைய வீடுகளுக்கு வந்தவர்கள் யார்? அவர்களும் வீடிழந்தவர்களே! புக்கோவினாவிலே தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த, ஹங்கேரிய மொழி பேசும் சேகெய் மக்கள் 1941இல் பாச்காப் பிரதேசத்துக்கு மாற்றப்பட்டனர். 1944இல் போர் நெருங்கவே அங்கிருந்தும் ஓடினர். 1945இல் பரன்யாவிலும் அயலிலுள்ள தொல்னாவிலும் குடியமர்த்தப்பட்டனர். சில வீடுகளிலே பழைய குடும்பத்தார் ஓர் அறையிலும், புதிய குடும்பத்தார் மற்றோர் அறையிலுமாகச் சில காலம் ஒரே அடுப்பைப் பகிர்ந்துகொண்டு வாழ்ந்தனர். அவ்வடுப்பங்கரையில் நின்ற இரு தாய்மாரும் ஒருவரையொருவர் எவ்வாறு நோக்கியிருப்பர்!

மறுநாள் வகுப்பில் இதனைச் சொன்னபோது ஒரு மாணவன் எழுந்து, "ஐயா, அவர்கள் பொய் சொல்லியிருந்தால் தப்பியிருப்பார்களல்லவா?" என்று கேட்டான். "உண்மையே பேசு" என்று இருபது ஆண்டுகளாகக் கற்பித்துவரும் எனக்கு உடனே விடை வரவில்லை. சற்றுப் பொறுத்து, "தம்பி, அவர்கள் உண்மை சொன்னது பிழையன்று. உண்மையை வாங்கி வைத்துக்கொண்டு, அதனையே குற்றப்பத்திரமாக்கியதுதான் பிழை" என்றேன்.

பின்னாளில் ஹங்கேரியப் பாராளுமன்றமும் அதனை உணர்ந்தது. 2013 முதல் ஜனவரி 19 அந்நாட்டில் நினைவு நாளாக அனுட்டிக்கப்படுகின்றது. அவ்வட்டாரத்திலே எஞ்சிய ஜேர்மானியரும், சேர்பியரும், சேகெய் மக்களின் வழிவந்தோரும் இன்றும் அயலவராக வாழ்கின்றனர்.

மகளின் பத்திரத்தை நான் மாற்றி எழுதவில்லை. அவளை அருகழைத்து, அவ்விரு கட்டங்களையும் காட்டி, வேமேந்தின் கதையைச் சொன்ன பின்னரே கையொப்பமிட்டேன்.