வளராத கோல்



இவ்வாரத் தியானம் ஒரு கணினி விளையாட்டிலிருந்து தொடங்குகிறது. பிரசங்க பீடத்தில் நின்று இத்தகைய விளையாட்டுகளைக் குறித்து நான் கடிந்து பேசியதை நினைவில் வைத்திருக்கும் வாலிபர்கள் புன்னகைக்கக்கூடும். அதற்கு அவர்களுக்கு உரிமை உண்டு. இதில் என் மகனும் வருகிறான். அவன் வாசித்து, இரண்டு இடங்களில் திருத்தி, சம்மதித்த பின்னரே இதை உங்கள் முன் வைக்கிறேன்.

அவன் சிதம்பரத்தில் பொறியியல் முதலாம் ஆண்டு பயில்கிறான். முதல் பருவத் தேர்வில் மூன்று தாள்களில் தோற்றுவிட்டான். அதை அவன் எங்களிடம் சொல்லவில்லை. அவனோடு படிக்கும் ஒரு மாணவனின் தாயார் மூலம் என் மனைவிக்குத் தெரிய வந்தது. பள்ளியில் பன்னிரண்டு ஆண்டுகளும் வகுப்பின் முதல் வரிசையில் இருந்த பிள்ளை அவன். வேதாகம மனப்பாடப் போட்டிகளில் அவன் வென்ற பரிசுகளை உங்களில் பலர் உங்கள் கைகளாலேயே கொடுத்திருக்கிறீர்கள்.

ஒரு சனிக்கிழமை காலை கடலூரில் சிதம்பரம் பேருந்து ஏறினேன். ஆலப்பாக்கம், புதுச்சத்திரம், பி.முட்லூர் என்று ஊர்கள் கடந்துபோக, என் மனத்தில் ஒரு பிரசங்கம் உருவாகிக்கொண்டிருந்தது. வழக்கம்போல் அதற்கு மூன்று பகுதிகள் இருந்தன: கீழ்ப்படியாமை, பொய், சோம்பல். வெள்ளாற்றுப் பாலத்தைக் கடக்கும்போது முடிவுரையும் ஆயத்தமாயிருந்தது.

அவனுடைய அறைக் கதவு திறந்தே கிடந்தது. அறைத்தோழனின் கணினிமுன் அமர்ந்து அவன் விளையாடிக்கொண்டிருந்தான். என்னைக் கண்டதும் பதறி எழுந்து திரையை அணைக்கப் போனான். என்ன நினைத்துச் சொன்னேன் என்று இன்றும் எனக்குத் தெரியவில்லை. "அணைக்காதே, அது என்னவென்று எனக்குக் காட்டு" என்றேன். ஒருவேளை அவன் கை நடுங்கியதைக் கண்டதனால் இருக்கலாம்.

விளையாட்டின் பெயர் 'எல்டன் ரிங்'. ஜப்பானின் ஃப்ரம்சாஃப்ட்வேர் நிறுவனம் மியாசாகி ஹிடேடாகாவின் இயக்கத்தில் உருவாக்கி, 2022 பிப்ரவரியில் வெளியிட்டது. அதன் பின்னணிப் புராணத்தை ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின் என்ற அமெரிக்க எழுத்தாளர் எழுதியிருக்கிறார். ஓராண்டுக்குள் 2 கோடிப் பிரதிகள் விற்றனவாம். நம் வீட்டுப் பிள்ளைகள் பலரும் அறிந்த பெயர், நாம்தான் அறியோம். மந்திரக்கோல், மாயவாள் என்று வருவது உங்களில் சிலருக்கு உறுத்தலாம். எனக்கும் உறுத்தியது. ஆனாலும் அதை ஒரு கதையாக எண்ணிக் கேட்டேன்.

இதைத் 'திறந்த உலகம்' என்கிறார்கள். முதல் அடியிலிருந்தே ஏறக்குறைய எத்திசையிலும் போகலாம். தொடக்க நிலமாகிய லிம்கிரேவின் வாசலிலேயே பொற்கவசக் குதிரைவீரன் ஒருவன் உலவுகிறான். புதிதாய் வருகிறவனால் அவனை எளிதில் வெல்ல முடியாது. விலகி வேறு வழியே போய், வளர்ந்து, பிறகு திரும்பிவர வேண்டும். கிழக்கே போனால் கேலிட் என்ற தேசம். வானமே சிவந்திருக்கும். அதன் சதுப்பு நிலத்தில் நின்றாலே உடல் அழுகத் தொடங்கும். புதியவனுக்கு ஏற்ற இடமன்று.

"ஆனா அங்கே ஒரு கோல் இருக்கு, அப்பா" என்றான் மகன். "விண்கல்லால் செய்த கோல். இடிந்த கட்டடங்களுக்கு நடுவே ஒரு பிணத்துக்கிட்டே இருக்கும். யாரோடும் சண்டை போட வேண்டாம். குதிரையிலே எல்லாரையும் தாண்டி ஓடிப்போய் எடுத்துக்கலாம். ஆட்டம் தொடங்கின கொஞ்ச நேரத்திலேயே கையிலே வந்துடும்."

எடுத்ததும் அதன் முழுப் பலன் கிடைத்துவிடாது. ஒவ்வோர் ஆயுதத்துக்கும் அதை ஏந்துகிறவனுக்கு இருக்கவேண்டிய தகுதி எண்ணால் குறிக்கப்பட்டிருக்கிறது. இந்தக் கோலுக்கு அறிவு என்னும் தகுதி 18 வேண்டும். நட்சத்திரங்களைக் கற்கும் மாணாக்கனாக ஆட்டத்தைத் தொடங்குகிறவனுக்கு 16 இருக்கும். இரண்டே படிகள் ஏறினால் போதும். பிறகு அவன் எறியும் மந்திரத்தின்முன் தொடக்கத்துப் பகைவர் எவரும் நிற்கமாட்டார். மாணாக்கனிடம் முதலிலேயே ஓர் எளிய கோலும் இருக்கிறது. விண்கற்கோல் கிடைத்தபின் அதை யார் தொடுவார்?

"பிறகு ஏன் எல்லாரும் இதை மட்டுமே வைத்துக்கொண்டு ஆட்டத்தை முடிப்பதில்லை?" என்று கேட்டேன்.

அவன் சற்றுநேரம் பதில் சொல்லவில்லை. பிறகு சொன்னான்: "இதை வளர்க்க முடியாது, அப்பா. மற்ற ஆயுதங்களுக்கு உலைக்கல்னு ஒண்ணு உண்டு. தேடித்தேடி எடுத்துக் கொல்லன்கிட்டே கொடுத்தா ஆயுதம் ஒவ்வொரு படியா ஏறும். அந்தப் பழைய கோல் 25 படி வரைக்கும் ஏறும். இந்த விண்கற்கோல் ஒரு படிகூட ஏறாது. கிடைச்ச அன்னிக்கு எப்படி இருந்ததோ, கடைசி வரைக்கும் அப்படியே இருக்கும்."

திரையைப் பார்த்தபடியே அவன் மேலும் சொன்னான்: "எனக்கும் அப்படித்தான் ஆச்சுன்னு நினைக்கிறேன். ஒரு தடவை படிச்சா மனசிலே நிக்கும். பள்ளிக்கூடத்துக்கு அது போதுமா இருந்தது. இங்கே கணக்கு அப்படி வரலை. உட்கார்ந்து போடணும். எனக்கு உட்காரத் தெரியலை, அப்பா."

என் பிரசங்கத்தின் மூன்று பகுதிகளும் எங்கே போயினவோ அறியேன். அவனுடைய நோயை அவனே கண்டுபிடித்திருந்தான். அதைச் சொல்ல அவனுக்கு ஒரு செவி மட்டும் தேவைப்பட்டிருக்கிறது.

அன்று நான் அவனிடம் சொன்னதை இதுவரை சபையில் எவரிடமும் சொன்னதில்லை. இப்போது உங்களுக்கும் சொல்கிறேன்.

நான் குருவாக அபிஷேகம் பெற்ற இரண்டாம் ஆண்டு. பேசும் வரம் எனக்கு இளமையிலேயே வாய்த்திருந்தது. இறையியல் கல்லூரியில் இருந்தபோதே கூட்டங்களுக்கு அழைப்பு வரும். அந்நாட்களில் நம் சபையைச் சேர்ந்த ஒரு மீனவக் குடும்பத்தின் ஒன்பது வயது மகன் காய்ச்சலில் விழுந்து, சிதம்பரத்தில் ஒரு மருத்துவமனையில் இறந்துபோனான். நான் ஓடிச் சென்றேன். தாயின் முன் நின்று மரணத்தைக் குறித்தும், உயிர்த்தெழுதலைக் குறித்தும் பேசினேன். நன்றாகவே பேசினேன். நடைவழியில் நின்ற அந்நியர்கள்கூடக் கேட்டார்கள். அந்தத் தாய் தலை நிமிர்ந்து, "ஐயரே, நல்லாப் பேசுறீங்க. கொஞ்சம் பேசாம இருங்க" என்றார்.

நான் வெளியே வந்து தூணருகே நின்றேன். ஒரு மணி நேரத்துக்குப் பின் நம் சபையின் வயதான பைபிள் அம்மா பேருந்தில் வந்து சேர்ந்தார். ஐந்தாம் வகுப்புக்கு மேல் படித்தவரல்லர். தம் பிள்ளைகளில் இருவரை அடக்கம் செய்தவர். கையில் கஞ்சி ஊற்றிய பிளாஸ்க் ஒன்றைக் கொண்டுவந்திருந்தார். அந்தத் தாயின் அருகே தரையில் அமர்ந்து, அவர் பாதத்தின்மேல் கை வைத்துக்கொண்டார். நெடுநேரம் ஒரு சொல்லும் சொல்லவில்லை. ஒரே ஒரு முறை அந்தப் பையனின் பெயரைச் சொன்னார். அப்போதுதான் அந்தத் தாய் வாய்விட்டு அழுதார்.

அதைக் கண்டு நான் திருந்தினேன் என்று எழுத ஆசையாயிருக்கிறது, ஆனால் திருந்தவில்லை. அடுத்த மாதமே ஒரு கூட்டத்தில் மூன்று இரவுகள் பேசினேன், எல்லோரும் பாராட்டினார்கள். என் கோல் இன்னும் வேலை செய்தது. ஆகையால் வேறொன்றை எடுக்கவேண்டிய அவசியம் எனக்கு நேரவில்லை. பல ஆண்டுகள் கழிந்து, அந்தப் பைபிள் அம்மாவை அடக்கம் செய்த நாளில்தான், இனி அந்த மருத்துவமனைத் தரையில் அமர எவரும் இல்லை என்று உணர்ந்தேன். செவ்வாய்க்கிழமைதோறும் நோயாளிகளின் வீடுகளுக்குப் பிரசங்கமின்றி நான் போகத் தொடங்கியது அதன் பிறகே. இன்றும் அதில் நான் மூன்றாம் படியிலோ நான்காம் படியிலோதான் இருக்கிறேன்.

"இதை நீங்க எங்கிட்டே சொன்னதே இல்லையே" என்றான் மகன். உண்மைதான். என் வெற்றிகளை மட்டுமே அவனுக்குக் காட்டியிருந்தேன். தோல்வியை அவன் எங்களிடமிருந்து மறைத்ததில் எனக்கும் பங்குண்டு.

அன்று மாலை இருவரும் தாவீதின் சரித்திரத்தை வாசித்தோம். 1 சாமுவேல் 17ஆம் அதிகாரம் நீங்கள் அறிந்ததே. சவுல் தன் கவசத்தையும் தலைச்சீராவையும் இளைஞனாகிய தாவீதுக்கு அணிவித்தான். நாட்டிலேயே சிறந்த போர்க்கருவிகள் கேளாமலே அவனுக்குக் கிடைத்தன. அவனோ தனக்கு அவற்றில் பழக்கமில்லை என்று களைந்துபோட்டு, கவணையும் ஐந்து கூழாங்கற்களையும் எடுத்துக்கொண்டான். சிங்கமும் கரடியும் ஆடுகள்மேல் பாய்ந்த நாட்களில், பார்ப்பார் எவருமின்றி தேவன் அவனைப் பழக்கியிருந்தார்.

கதையின் மறுபகுதியை நாம் அதிகம் பிரசங்கிப்பதில்லை. 21ஆம் அதிகாரத்தில் அதே தாவீது சவுலுக்குத் தப்பி நோபுக்கு ஓடுகிறான். ராஜ காரியமாக வந்ததாக ஆசாரியனாகிய அகிமெலேக்கிடம் பொய் சொல்கிறான். ஆயுதம் கேட்கிறான். ஏபோத்துக்குப் பின்னே துணியில் சுற்றி வைத்திருந்த கோலியாத்தின் பட்டயம் கிடைக்கிறது. அதற்கு நிகரில்லை என்று மகிழ்ந்து வாங்கிக்கொள்கிறான். அதோடு அவன் போய்ச் சேர்ந்த இடம் எது? கோலியாத்தின் சொந்த ஊராகிய காத்! அங்கே அந்த நிகரற்ற பட்டயம் அவனுக்கு உதவியதாக வேதம் ஒன்றும் சொல்லவில்லை. ஆகீஸ் ராஜாவுக்கு முன்பாகத் தாடியில் வாய்நீர் வழியப் பைத்தியக்காரனைப்போல் நடித்தே தாவீது உயிர் தப்பினான். நோபின் ஆசாரியர்கள் 85 பேரோ வெட்டுண்டார்கள். அந்தப் பழியைப் பின்னர் அவனே தன்மேல் ஏற்றுக்கொண்டான்.

மறுநாள் மாலை கடலூர் திரும்பியபின் தேவனாம்பட்டினம் கடற்கரைப் பக்கம் நடந்தேன். தாவீது என்னும் பெயரைத் தாங்கிய கோட்டையின் சிதைவுகள் அங்கே உள்ளன. 1690இல் ஆங்கிலேயர் அந்தக் கோட்டையை மராட்டியரிடமிருந்து வாங்கியபோது, பீரங்கிக் குண்டு சென்று விழும் தூரம்வரை உள்ள நிலமும் அவர்களுக்குச் சேரும் என்பது உடன்படிக்கை. சென்னையிலிருந்து பெரிய பீரங்கியைக் கொண்டுவந்து பல திசைகளிலும் சுட்டார்கள். எல்லைக்குள் வந்தவை குண்டு கிராமங்கள் எனப்பட்டன. குண்டு உப்பலவாடி என்று இன்றும் நாம் சொல்கிறோம். நல்ல பீரங்கி ஒன்று கையிலிருந்ததால் ஒரே நாளில் எல்லை விரிந்தது. எனினும் 1758இல் லாலியின் பிரெஞ்சுப் படை வந்தபோது அந்தக் கோட்டை வீழ்ந்தது. நிலத்தை எடுத்துக்கொடுத்த ஆயுதம் அதைக் காத்துக்கொடுக்கவில்லை.

நம் ஆண்டவருக்கும் எல்லாம் முன்கூட்டியே நீட்டப்பட்டது. உயர்ந்த மலையின்மேல் உலகத்தின் ராஜ்யங்கள் அனைத்தும் ஒரே கணத்தில் காட்டப்பட்டன. சிலுவை வேண்டாம், காத்திருத்தல் வேண்டாம், ஒருமுறை பணிந்தால் போதும் என்றான் சோதனைக்காரன். அவரோ அதைத் தள்ளி, பட்ட பாடுகளினாலே கீழ்ப்படிதலைக் கற்றுக்கொண்டார் என்று எபிரெயர் நிருபம் காட்டுகிறது. தேவகுமாரனே கற்றுக்கொண்டார் என்றால் நமக்குக் குறுக்குவழி ஏது?

அன்பானவர்களே, இளமையில் கிடைத்த வரத்தைத் தூக்கி எறியுங்கள் என்று நான் சொல்லவில்லை. என் மகன் அந்த விண்கற்கோலை எறிந்துவிடவில்லை; பயன்படுத்திக்கொண்டே பழைய கோலுக்கும் உலைக்கல் சேர்க்கிறான். நினைவாற்றல், இனிய குரல், பேச்சுத் திறன், குடும்பப் பெயர், கையிலுள்ள செல்வம் ஆகிய எல்லாம் தேவன் தந்தவையே. ஆனால் அவை வேலை செய்கின்றன என்பதனாலேயே நாம் வளர்கிறோம் என்று எண்ணிவிட வேண்டாம். நம் வீட்டில் ஒரு பிள்ளை தோற்றுவந்து நிற்கும்போது, ஒருவேளை அன்றுதான் அவன் பழைய கோலைக் கையில் எடுக்கிறான். அவனருகே தரையில் அமர ஒருவர் வேண்டும்.

அந்த மூன்று தாள்களையும் அவன் இனிமேல்தான் எழுதவேண்டும். தேறுவானா என்பது எனக்குத் தெரியாது. நாள்தோறும் இரவு, தான் போட்ட ஒரு கணக்கைப் படமெடுத்து அனுப்புகிறான். கீழே "ஒரு கல்" என்று எழுதியிருக்கும். சில நாட்களில் விடை தவறாக இருக்கிறதாம். எனக்கு அது புரிவதில்லை. செவ்வாய்க்கிழமைகளில் நானும் அவனுக்கு "ஒரு கல்" என்று பதில் அனுப்புகிறேன்.

ஜெபம்: எங்கள் பிதாவே, எளிதாய்க் கிடைத்தவற்றுக்காக உம்மை ஸ்தோத்திரிக்கிறோம். அவற்றின் பின்னே ஒளிந்துகொண்டு நாங்கள் வளராமற்போன ஆண்டுகளை மன்னியும். தோல்வியைச் சொல்ல அஞ்சும் எங்கள் பிள்ளைகளுக்கு, எங்கள் தோல்விகளைச் சொல்லும் தைரியத்தை எங்களுக்குத் தாரும். இயேசு கிறிஸ்துவின் மூலம் வேண்டுகிறோம். ஆமென்.

கிறிஸ்துவின் பணியில்,
உங்கள் போதகர்