சிலந்தி மேல் விழுந்த பழி

காலையில் எழுந்ததும் பிள்ளையின் கழுத்தில் கோடு இழுத்தாற்போல் கொப்புளம் கண்டால், வீட்டுப் பெரியவர்கள் என்ன சொல்வார்கள்? "எட்டுக்கால் பூச்சி எச்சம் பட்டிருக்கும்" என்பார்கள். நானும் அதை நம்பி வளர்ந்தவள்தான்.

கிள்ளானுக்கு அருகே ரப்பர் தோட்டத்து லயத்தில் பிறந்தவள் நான். தகரக் கூரையின் கீழ் சிலந்திகளோடுதான் குடியிருந்தோம். அண்ணன்மார் இலைகளுக்கிடையே சண்டைச் சிலந்தி பிடித்து, தீப்பெட்டியில் அடைத்து வளர்ப்பார்கள். அவர்களுக்கு ஒரு கொப்புளமும் வந்ததில்லை. ஆனாலும் பாட்டி சொன்னதுதான் எங்களுக்கு வேதம்.

சில ஆண்டுகளுக்கு முன், கிள்ளானில் எங்கள் அடுக்குமாடி வீட்டில், இளைய மகனின் கழுத்தில் அதே கொப்புளம். அன்றிரவு அடுப்படிச் சுவரில் உள்ளங்கை அகலத்தில் ஒரு சிலந்தி, வயிற்றுக்கடியில் வெள்ளை முட்டைப் பையை அணைத்தபடி நின்றது. துடைப்பத்தால் ஒரே அடி! மூலைகளில் இருந்த சிலந்திகளையும் ஒன்று விடாமல் கொன்றேன். பீடை விட்டது என்று நிம்மதியாகத் தூங்கினேன்.

ஒரு வாரம்தான். மூத்தவனின் கண் இமை சிவந்து வீங்கி, கண்ணையே திறக்க முடியவில்லை. சிலந்தியே இல்லாத வீட்டில் இது எப்படி? பதறியடித்துக் கிளினிக்குக்கு ஓடினேன். டாக்டர் கேட்ட முதல் கேள்வி: "ராத்திரியில் படுக்கைக்கு மேலே விளக்கு எரிகிறதா?"

உண்மைக் குற்றவாளி, மலாய்க்காரர்கள் 'செமுட் காயாப்' என்று சொல்லும் சிறு வண்டு. எறும்பு போலிருக்கும், உடலில் ஆரஞ்சும் கறுப்பும் மாறி மாறி வரும். அது கடிப்பதுமில்லை, கொட்டுவதுமில்லை. வெளிச்சத்தைத் தேடி வரும் அதை நாம் நசுக்கும்போதுதான் அதன் உடல் நஞ்சு தோலில் பட்டு, ஓரிரு நாளில் கொப்புளமாகிறது. அந்தக் கையால் கண்ணைத் தேய்த்தால் கண்ணுக்கும் ஆபத்து. மேலே ஊர்ந்தால் அடிக்காதீர்கள். ஊதித் தள்ளிவிட்டு, சோப்புப் போட்டு நன்றாகக் கழுவுங்கள். விளக்கு வைக்கும் நேரத்தில் சன்னலைச் சாத்துங்கள்.

இன்னொன்றும் டாக்டர் சொன்னார். முதுகிலோ மார்பிலோ ஒரே பக்கமாக வலியோடு கொப்புளம் வரிசையாக வந்தால் அது அக்கி. அதற்குக் காரணம் கிருமி, சிலந்தி அல்ல. மந்திரித்துக் கொண்டு காத்திராமல், மூன்று நாட்களுக்குள் மருந்து தொடங்குவது நல்லது.

அப்படியானால் சிலந்தி நமக்குச் செய்வது என்ன? நான் அடித்துக் கொன்ற பெரிய சிலந்தி வலை பின்னாது. இரவில் சுற்றிக் கரப்பான் பூச்சியைப் பிடித்துத் தின்னும். மூலையில் தொங்கும் நெட்டைக்கால் சிலந்தி கொசுவைப் பிடிக்கும். சன்னலில் தாவும் குட்டிச் சிலந்தி ஈயைப் பிடிக்கும். கையால் அழுத்திப் பிடித்தால் பெரிய சிலந்தி கடிக்கலாம், வலிக்கும். சும்மா விட்டால் அது நம் பக்கமே வராது.

பிள்ளையின் கண் நல்லபடியாகக் குணமாகிவிட்டது. தீபாவளிக்கு இன்றும் நான் ஒட்டடை அடிக்கிறேன். ஆனால் பெரிய சிலந்தியைக் கண்டால் டப்பாவால் மூடி, அட்டையைச் செருகி, வெளியே விட்டுவிடுகிறேன். ஒரு பாவமும் அறியாத அந்தத் தாயின் வெள்ளைப் பை மட்டும் இன்னும் என் கண்ணை விட்டு மறையவில்லை. நீங்களாவது விசாரித்துவிட்டுத் துடைப்பத்தை எடுங்கள்.