வயரிங் வேலைக்கு எந்த எண்?

சிறு தொழில்களுக்கான உத்யம் பதிவு செய்ய உட்காரும் எலக்ட்ரிக்கல் கான்ட்ராக்டர் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. தொழில் என்ன என்று ஐந்து இலக்க எண்ணாகக் கேட்பார்கள். ‘எலக்ட்ரிக்கல்’ என்று தேடினால் ஸ்விட்ச் தயாரிப்பு, மோட்டார் ரிப்பேர், சாமான் விற்பனை என்று வரிசையாக வந்து விழும். கண்ணில் முதலில் பட்டதைத் தட்டிவிட்டு எழுந்து போகிறவர்கள்தான் அதிகம்.

அந்த எண் வருவது தேசியத் தொழில் வகைப்பாடு 2008-இலிருந்து; அது ஐ.நா.வின் உலக வகைப்பாட்டை ஒட்டி உருவானது. அதில் நமக்கான இடம் கட்டுமானப் பிரிவு. 43 என்பது சிறப்புக் கட்டுமானப் பணிகள். அதற்குள் 4321 மின் நிறுவல் (இங்கே நான் சொல்லும் தொழில் எண்கள் ஐந்து இலக்க எண்ணின் முதல் நான்கு இலக்கங்கள்). கொத்தனார், பெயின்டரோடு சேர்த்து வைத்துவிட்டார்களே என்று எனக்கு ஆரம்பத்தில் வருத்தம்தான். சைட்டை நினைத்தால் அதுவே சரி என்று படுகிறது. தளத்துக்குக் கம்பி கட்டும்போதே பைப்பும் ஃபேன் பாக்ஸும் வைப்பது நாம்தானே! கான்கிரீட் கொட்டியபின் அது கட்டடத்தோடு கட்டடம். கழற்றிக்கொண்டு போகிற சரக்கு இல்லை.

ஒரே ஆள், ஒரே ஸ்பேனர்; வேலை மாறினால் எண்ணும் மாறும். வீட்டு வயரிங், தெருவிளக்கு, விமான நிலைய ஓடுபாதை விளக்கு மூன்றும் 4321. இரண்டு ஊருக்கு நடுவே மின்கம்பி இழுத்தால் அது 4220, பொதுப் பயன்பாட்டுக் கட்டமைப்பு. ஆலையில் இயந்திரத்தை நிறுவுவது 3320. மோட்டார் பழுது பார்ப்பது 3314. பேனல் போர்டைச் சொந்தப் பட்டறையில் செய்து விற்றால் 2710, அதாவது உற்பத்தி. மொட்டைமாடியில் சூரிய வெந்நீர்த் தொட்டி வைப்பவர் பிளம்பரோடு 4322-இல் நிற்கிறார். பக்கத்திலேயே மின்சாரம் தரும் சோலார் தகடு மாட்டுபவரின் வேலை மின் நிறுவல்தான்.

நம்மில் பலர் இவற்றில் இரண்டு மூன்றைச் சேர்த்தே செய்கிறோம். முன்னால் கடை, பின்னால் கான்ட்ராக்ட். அப்போது எந்த வேலை அதிக மதிப்பைக் கூட்டுகிறதோ அதுவே முதன்மைத் தொழில் என்பது வகைப்பாட்டின் விதி. மற்றவற்றையும் உத்யமில் கூடுதலாகச் சேர்த்துக்கொள்ளலாம்.

கடை இருக்கிறதே என்று சில்லறை வணிக எண்ணை மட்டும் போடுவதுதான் கையைக் கடிக்கும். 2021 ஜூலை முதல் வணிகர்களும் உத்யமில் பதியலாம். ஆனால் அவர்களுக்குக் கிடைப்பது முன்னுரிமைக் கடன் சலுகை மட்டுமே. பில் தொகை வர 45 நாளைத் தாண்டினால் வட்டியோடு கேட்கும் உரிமை அவர்களுக்கு இல்லை. சாமானும் கூலியும் சேர்ந்த ஒப்பந்தத்துக்கு அந்த உரிமை பொருந்துமா என்று நீதிமன்றங்களில் வழக்காடுகிறார்கள் என்பது வேறு விஷயம். தவறான எண் போட்டவர் அந்த வழக்குவரைகூடப் போக முடியாது.

ஜிஎஸ்டி பில்லில் போடும் எண் வேறு. மின் நிறுவல் சேவைக்கு 995461. கடையில் கேபிளை மட்டும் விற்றால் அது சரக்கு, 8544. அதே கேபிளைச் சுவருக்குள் இழுத்து, சாமானும் கூலியுமாக ஒரே ஒப்பந்தத்தில் முடித்தால் முழுத் தொகையும் சேவைக் கணக்கு. உத்யம் எண் தொழிலைச் சொல்கிறது. பில் எண் அந்த ஒரு வேலையைச் சொல்கிறது. இரண்டையும் குழப்பிக்கொண்டால் ஆடிட்டருக்கும் தலைவலி, நமக்கும் தலைவலி.

இந்த எண்கள் எதுவும் உரிமம் ஆகாது. வயர்மேன், சூப்பர்வைசர் தகுதிச் சான்று, கான்ட்ராக்டர் லைசென்ஸ் எல்லாம் மாநில மின் உரிம வாரியத்தில் வாங்க வேண்டியவை. 4321 என்று யார் வேண்டுமானாலும் தட்டலாம். எர்த்திங் சரியா என்று அது பார்க்காது.

பதிவுச் சான்றிதழை இன்றே எடுத்துப் பாருங்கள். அதிலுள்ள எண்ணும் நீங்கள் சைட்டில் செய்யும் வேலையும் ஒத்துப்போகாவிட்டால், அடுத்த டெண்டருக்கு முன் திருத்திவிடுங்கள். உத்யம் தளத்தில் அதற்குக் கட்டணம் கிடையாது.