கருமணல்

இரணியலில் நிக்காஹ் இரவென்றால் பெட்ரோமாக்ஸ் விளக்கே நம் நினைவில் எழும். அதன் வெள்ளை வலையைத் தொட்டால் பொடியாகிவிடுமென்று வாப்பா அதட்டுவார்கள். அவ்வலையை ஒளிரச் செய்த தோரியம், அடுத்துள்ள மணவாளக்குறிச்சிக் கரைமணலில் கிடப்பதென்பதைப் பின்னாளில்தான் அறிந்தோம்.

1909-இல் ஷோம்பெர்க் எனும் ஜெர்மானியர், திருவிதாங்கூர்த் தேங்காய் நாரில் ஒட்டியிருந்த மணலில் மோனசைட்டைக் கண்டார். நாரோடு ஓசையின்றிப் போன மணல், பின்னர்க் கப்பல் கப்பலாய்ப் போயிற்று. எல்லாம் விளக்குக்காகவே!

1945 ஆகஸ்ட் 6-இல் ஹிரோஷிமாவும், 9-இல் நாகசாகியும் எரிந்தன. அவ்வாண்டு முடியுமுன் மாண்டோர் ஏறத்தாழ 2 இலட்சம் பேர். முன்னதை அழித்தது யுரேனியம், பின்னதைப் புளூட்டோனியம். தோரியத்துக்கு அப்பழியில் பங்கில்லை. ஆயினும், உலையிலிட்டால் அதுவும் யுரேனியம் 233 ஆகுமன்றோ? வல்லரசுகளின் பார்வை நம் கரைமேல் விழுந்தது. 1947-இல் திருவிதாங்கூரைத் தனிநாடாக்க முயன்ற திவான் சி. பி. இராமசாமி ஐயர், இம்மணலைத் தம் பேரத்துக்குத் துணையாகக் கொண்டார். 1955 ஏப்ரல் 15-இல் அமெரிக்கர் நெவாடாப் பாலையில், யுரேனியம் 233 கலந்த குண்டொன்றை வெடித்தும் பார்த்தனர். விளக்கேற்றிய பொருளின் வழி அங்கும் சென்று முட்டிற்று.

அண்மையில் நம் பேரன் அக்கடற்கரையிலிருந்து சட்டைப்பை நிறையக் கருமணல் கொண்டுவந்தான். "கொட்டிவிடு" என்றோம். "ஏன்?" என்றான். வாப்பாவின் விளக்கைப் பற்றிச் சொன்னோம். மற்றதைச் சொல்ல இன்னும் நா எழவில்லை.