அப்பாவுக்கு வராத கண்காணிப்பாளர் பதவி

போன மாதம் ஓய்வுபெற்ற அண்ணன் ஒருவர் வீட்டுக்கு வந்திருந்தார். நம்மவர். முப்பத்தொரு வருட சர்வீஸ். "பேனல்ல என் பேரு வந்துடுச்சு தம்பி. ஆர்டர் போடறதுக்குள்ள ரிட்டையர் ஆயிட்டேன். இப்ப கேட்டா கிடைக்குமா?" என்றார். என்னால் உடனே பதில் சொல்ல முடியவில்லை. இதே கேள்வியைக் கேட்டுக்கொண்டே செத்துப்போனவர் என் அப்பா.

அப்பா ஒரு மாவட்ட அலுவலகத்தில் உதவியாளர். கண்காணிப்பாளர் பதவி உயர்வுக்குப் பட்டியல் தயாராகிற நேரத்தில் அவருக்கு 17(ஆ) குறிப்பாணை வந்தது. ஒரு கோப்பைப் பதினோரு நாள் தாமதமாக மேலே அனுப்பினாராம். அந்தப் பதினோரு நாளை விசாரிக்க அவர்களுக்கு மூன்று வருடம் தேவைப்பட்டது. அதுவரை பட்டியலில் அவர் பெயர் ஒத்திவைப்பு. கடைசியில் குற்றச்சாட்டு நிரூபணமாகவில்லை என்று ஆணை வந்தது. அப்பா அதை லேமினேட் செய்து வைத்துக்கொண்டார். அதற்குள் அவருக்குக் கீழே இருந்த இரண்டு பேர் கண்காணிப்பாளர் ஆகிவிட்டார்கள். அதில் ஒருவருக்கு வேலை கற்றுக்கொடுத்ததே அப்பாதான். அவரை 'சார்' என்று கூப்பிட்டுக்கொண்டு, அவர் மேசைக்கே கோப்பைக் கொண்டுபோய் வைத்தார்.

இதைச் சொன்னால் சிலர் உடனே, "பதவி உயர்விலும் இடஒதுக்கீடு கேட்கிறீர்களா?" என்பார்கள். 1995இல் 77ஆவது திருத்தம் மூலம் அரசியல் சட்டத்தில் 16(4அ) சேர்க்கப்பட்டது. அதற்காகப் பேச வேண்டியது நிறைய இருக்கிறது, பேசுவோம். ஆனால் அப்பா கேட்டது அது இல்லை. முன்னுரிமைப்படி அவருக்கு வந்திருக்க வேண்டியதைத்தான் கேட்டார்.

பழைய பட்டியலிலேயே தன் பெயரைச் சேர்க்கச் சொல்லி மனுக் கொடுத்தார். கோப்பு நகர்ந்துகொண்டே இருந்தது. 2007 ஜூன் 30, மாலை, ரோஸ் நிற மாலை ஒன்று, ஒரு சுவர்க் கடிகாரம், ஓய்வு. பிறகு தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் குறிப்புப் பக்கங்களின் நகலை வாங்கினோம். ஓய்வுபெற ஐந்து மாதங்களே இருப்பதால் தனியே பரிசீலிக்க அவசியம் எழவில்லை என்று ஒருவர் எழுதியிருந்தார். கீழே நான்கு பேர் கையெழுத்து. சாதி என்ற சொல் அந்தப் பக்கங்களில் எங்குமே இல்லை. இருக்கவும் இருக்காது.

சட்டம் என்ன சொல்கிறது? பதவி உயர்வுக்குப் பரிசீலிக்கப்படுவது அடிப்படை உரிமை, பதவி உயர்வே உரிமை அல்ல. மேற்கு வங்கத்தின் அமல் சத்பதி வழக்கில் 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றம் இதைத்தான் மறுபடி சொன்னது. அவர் ஓய்வுபெறும் முன்பே பரிந்துரை வந்துவிட்டது. இறுதி ஒப்புதல் ஓய்வுக்குப் பிறகு வந்தது. புதிய பதவியில் பொறுப்பேற்றால்தான் அது பதவி உயர்வு, ஓய்வுபெற்றவருக்கு முன்தேதியிட்டுக் கருத்தியலாகக்கூடத் தர முடியாது என்று தீர்ப்பு. கருத்தியலாக என்றால் ஏட்டளவில் உயர்த்தி, அதன்படி ஓய்வூதியத்தைக் கணக்கிடுவது.

அந்தத் தீர்ப்பைப் படித்துவிட்டு இரண்டு நாள் எரிச்சலாக இருந்தது. தாமதம் யாருடையது என்று யாரும் கேட்பதில்லையே.

ஆனால் எல்லாக் கதவும் மூடவில்லை. 1991இல் ஜானகிராமன் வழக்கில் அதே உச்ச நீதிமன்றம், குற்றச்சாட்டிலிருந்து முழுமையாக விடுவிக்கப்பட்டவருக்கு, அவருடைய இளையவர் பதவி உயர்வு பெற்ற தேதியிலிருந்தே அந்தப் பலன் உண்டு என்றது. வேலை செய்யத் தயாராக இருந்தவரைத் தன் தவறு எதுவும் இல்லாதபோது ஒதுக்கி வைத்துவிட்டு, 'வேலை செய்யவில்லை, சம்பளம் இல்லை' என்று பொதுவாகச் சொல்ல முடியாது. நிலுவைத் தொகையை மறுத்தால் காரணத்தை எழுத வேண்டும். அப்பாவின் வழக்கு இந்த வகை. எங்களுக்கு அப்போது தெரியாது.

தெரியாததால் நாங்கள் செய்தது, வருடாவருடம் மனுப் போட்டது. ஒவ்வொன்றுக்கும் ஒப்புகை அட்டை வந்தது. அட்டைகளைக் கட்டி வைத்திருந்தார் அப்பா. மனுப் போட்டுக்கொண்டே இருந்தால் காலம் நீளாது, பழைய கோரிக்கைக்குப் பதில் வந்தாலும் அது புதிதாகிவிடாது என்று சி. ஜேக்கப் வழக்கில் 2008இலேயே சொல்லிவிட்டார்கள். அதுவும் தமிழ்நாட்டு ஊழியர் வழக்குதான்.

அப்பா 2019இல் போனார். அம்மா வாங்கும் குடும்ப ஓய்வூதியம் அவருடைய கடைசிச் சம்பளத்தில் 30 சதவீதக் கணக்கு. அது உதவியாளர் சம்பளம். மாசம் ஆயிரத்துச் சொச்சம் குறைகிறது. மாத்திரைக் கடையில் அம்மா பாதி அட்டை கேட்டு வாங்குவதை நான் பார்த்திருக்கிறேன்.

அண்ணனிடம் ஒன்றுதான் கேட்டேன்: "நீங்க ரிட்டையர் ஆகறதுக்கு முன்னாடி, உங்க ஜூனியர் யாருக்காவது ப்ரமோஷன் ஆர்டர் வந்துச்சா அண்ணே?"

கொஞ்ச நேரம் யோசித்தார். "ஒருத்தருக்கு வந்துச்சு. எனக்கு அப்ப ஒரு 17(ஆ) இருந்துச்சு. அப்புறம் ட்ராப் பண்ணிட்டாங்க."

அந்த இளையவரின் ஆணை, முன்னுரிமைப் பட்டியல், குற்றச்சாட்டைக் கைவிட்ட ஆணை மூன்றும் வேண்டும் என்றேன். முதல் இரண்டுக்குத் தகவல் உரிமை மனு எழுதிக் கொடுத்தேன். மூன்றாவது அவர் பீரோவில் எங்கோ இருக்கிறதாம். ஒரே ஒரு மனு, பதில் வராவிட்டால் காத்திருக்காமல் வழக்கறிஞரிடம் போக வேண்டும் என்று சொல்லி அனுப்பினேன். நேற்று இரவு போன் செய்தார். பீரோவில் இல்லையாம், தகரப் பெட்டியில் தேடப் போகிறாராம்.