ஆணத்துக்குள் அவிந்த மா

வியாழன், மஃரிபுக்குப் பிறகு

வாடைக் காற்றோடு விடாத மழை. கடலுக்கு ஒருவரும் இறங்கவில்லை. கல்முனைச் சந்தையில் மீன் விலையைக் கேட்ட எங்கள் வீட்டுக்காரர், பேசாமல் ஊர்க்கோழி ஒன்றோடு திரும்பிவிட்டார். நாளை வெள்ளிக்கிழமை. எங்கள் வீட்டில் கோழியாணம் என்றால் ஒறட்டி, இல்லாவிட்டால் பிட்டு. ஆனால் கொழும்பிலிருந்து வந்து நிற்கும் சாச்சி, "இந்த மழைக்குத் தக்கடி ஆக்குவம்" என்று அரிசியை ஊறப்போட்டுவிட்டார்.

தக்கடி காயல்பட்டினம், கீழக்கரை வீடுகளின் சாப்பாடு. இறைச்சி ஆணம் கொதித்துக்கொண்டிருக்கும்போதே அரிசிமாப் பிடிகளை அதற்குள் இறக்கி, ஆணத்திலேயே அவியவிடுவது. அங்கே ஆட்டிறைச்சிதான் முறை. காயல்பட்டினத்தார் கொழும்பில் மாணிக்கக்கல் வியாபாரத்துக்குத் தலைமுறை தலைமுறையாக வந்துபோனவர்கள். சாச்சி அப்படியொரு குடும்பத்துக்குப் பக்கத்து வீட்டில் இருந்து பழகியது இது.

கோதுமை மாவில் செய்தால் என்ன என்று மகள் கேட்டாள். 1980இல் திருகோணமலையில் பிரிமா ஆலை வந்த பிறகு, இந்தத் தலைமுறைக்கு மா என்றாலே அதுதான். அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும் கோழிச் சாற்றுக்குள் மாவுருண்டை போடுகிறார்கள். அது கோதுமை மா. பேக்கிங் பவுடர் சேர்த்து, பானையை மூடி, ஆவியில் பொங்கவைப்பது. பஞ்சாக வரும், அதை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் சம்மாந்துறை வயல் நெல் கையெட்டும் தூரத்தில் விளையும்போது, கப்பலில் வந்த தானியத்தைக் கொண்டுவந்து இதற்குள் போடுவதில் எனக்கு மனம் ஒப்பவில்லை.

வெள்ளி, காலை

அரைக் கிலோ சிவப்புப் பச்சையரிசி. நீரை வடித்து மில்லில் கொடுத்து வாங்கி, அரித்து, பச்சை வாசம் போகும்வரை வறுத்தோம். சிவக்க வறுக்கக் கூடாது. பின்வளவு விறகடுப்பில்தான் வேலை. 2022இல் எரிவாயு சிலிண்டருக்கு ஊரே வரிசையில் நின்றபோது கட்டிய அடுப்பு அது. இடிக்க மனம் வரவில்லை, இன்றைக்கு உதவியது. ஊர்க்கோழி வேக ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். புறொயிலர் என்றால் அரை மணிக்குள் முடிந்துவிடும், ஆனால் அதன் சாற்றில் மாவுக்குக் கொடுக்க ஒன்றும் இருக்காது. இந்தச் சாப்பாட்டில் கோழியைவிடச் சாறுதான் பெரிது.

கறுவா, ஏலம், கராம்பு, ரம்பை, கறிவேப்பிலை தாளித்து, வெங்காயம் வதங்க இஞ்சியும் உள்ளியும். பிறகு கொச்சிக்காய்த்தூள், மல்லி, பெருஞ்சீரகம். கோழியைப் போட்டுப் பிரட்டி இரண்டாம் பாலை ஊற்றினேன். வழக்கத்தைவிட ஒன்றரை மடங்கு தண்ணியாக இருக்கவேண்டும் என்று சாச்சி பக்கத்தில் நின்று சொல்லிக்கொண்டே இருந்தார். மா குடிக்கும் குடிக்கு வழக்கமான அளவு காணாது என்பது அவர் பயம்.

மாவில் தேங்காய்ப்பூ, பொடியாக அரிந்த சின்ன வெங்காயம், உப்பு. தண்ணீர் கிடையாது. கொதிக்கிற ஆணத்திலிருந்து இரண்டு அகப்பை அள்ளி ஊற்றிப் பிசைய வேண்டும். கோதுமை மாவை இழுபட வைக்கும் புரதம் அரிசியில் இல்லை. நல்ல சூடு பட்டால்தான் அரிசியின் மாப்பொருள் நீரை உறிஞ்சி ஒட்டும். பச்சைத் தண்ணீரில் குழைத்த பிடி சட்டிக்குள் கரைந்து கூழாகிவிடும். ஆணத்தில் குழைத்தால் மாவுக்குள்ளும் உறைப்பு ஏறுகிறது என்பது கூடுதல் லாபம். கை சுடச்சுடப் பிசைந்து, உள்ளங்கையில் அழுத்திப் பிடித்தோம், ஒவ்வொன்றிலும் விரல் தடம் பதியும்படி. அந்தப் பள்ளங்களில்தான் ஆணம் தங்கும்.

பிடிகளை இறக்கியதும் அகப்பை போடக் கூடாது. வெளித்தோல் இறுகும்வரை சட்டியைக் காதில் பிடித்து அசைத்துவிட்டால் போதும். கால் மணி நேரத்தில் உதிர்ந்த மா கரைந்து ஆணமே தடிக்கத் தொடங்கும். அப்போது முதற்பால், ஒரு கொதி, இறக்கிவிடலாம்.

வெள்ளி, அஸருக்குப் பிறகு

ஜும்ஆ முடிந்து வந்தவர்களுக்கு ஒரே சஹனில் வைத்தோம். உம்மா முதலில் தொடவில்லை.

"என்ன மனே இது, கொழுக்கட்டய ஆணத்துக்குள்ள போட்டிரிக்காய்?"

பிறகு மூன்றாவது பிடிக்குக் கை நீட்டினா. எதுவும் சொல்லவில்லை. எங்கள் உம்மா பாராட்டுவது அப்படித்தான்.

எனக்கு ஒரு விஷயம் உறைத்தது. கல்முனைக்குடிக் கடற்கரைப் பள்ளியில் வருடாவருடம் நாகூர் ஆண்டகை பேரில் கொடி ஏறுகிறது. தமிழ்நாட்டுக் கரையின் கொடி இங்கே வந்தது, பேரும் பாட்டும் வந்தன. தக்கடி மட்டும் எங்கள் வீட்டுக்கு ஏன் இப்படிச் சுற்றிவளைத்து, கொழும்பு வழியாக வந்தது? எனக்குத் தெரிந்த காரணம், பெண்கள் நகராததுதான். நிந்தவூர், சாய்ந்தமருது, மருதமுனை எங்கும் கலியாணமானால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குப் போகிறான். வீடு மகளுக்கு. காயல்பட்டினத்திலும் அதே வழக்கம். இரண்டு கரையிலும் அடுப்படி உம்மாவிடமிருந்து மகளுக்கு, அதே வளவுக்குள் கைமாறுகிறது. ஆண்கள்தான் கடல் தாண்டினார்கள், கொடியும் சரக்கும் கொண்டுவந்தார்கள். மாப் பிசையத் தெரிந்தவள் ஊரிலேயே இருந்துவிட்டாள்.

கடைகளாவது பரப்பியிருக்கலாம். நம் பிரதான வீதியில் கொத்தும் பிரியாணியும் இல்லாத இரவு உண்டா? ஆனால் தக்கடி காத்திருக்காது. இறக்கிய ஒரு மணி நேரத்தில் ஆணம் முழுவதையும் மா குடித்துவிடும். பிரியாணியைத் தம்மில் வைத்து ஆள் வரும்வரை விற்கலாம். இதற்கு ஆட்கள் பாயில் உட்கார்ந்த பிறகுதான் முதற்பால் ஊற்ற முடியும்.

கோட்டயம் பக்கத்துச் சிரியக் கிறிஸ்தவர்களின் பிடியும் கோழியும், தலச்சேரி மாப்பிளமாரின் கக்கரொட்டியும் இதே சாதிதான். கக்கரொட்டி சிறியது, சிப்பி வடிவம். அவற்றையும் பெரும்பாலும் வீட்டுச் சட்டியில்தான் தேடவேண்டும் என்று நினைக்கிறேன்.

சனி

மீந்தது இறுகிக் கட்டியாக இருந்தது. வெந்நீர் விட்டு இளக்கலாம் என்றார் சாச்சி. உம்மா கேட்கவில்லை. பிடிகளை வெட்டி, தாச்சியில் எண்ணெய் விட்டு, மொறுமொறுக்க வாட்டி எடுத்தா. நேற்றையதைவிட நன்றாக இருந்தது. சாச்சியிடம் அதைச் சொல்லவில்லை.

செவ்வாய்

மதிலுக்கு அப்பால் மாமி. விஷயம் பரவிவிட்டது.

"என்னகா, புதுசா என்னமோ ஆக்கினயாம்? நான் இறால் போட்டு ஆக்கப்போறன்."

கோழிக்குரிய சாப்பாட்டில் இறாலா என்று கேட்க வாயெடுத்தேன். ஆட்டுக்குரியதில் நான் கோழி போட்டவள் அல்லவா? மழை விட்டிருக்கிறது, வள்ளங்கள் போய்வந்திருக்கின்றன, இறாலும் மலிவு. மா அவிய எடுக்கும் நேரத்துக்கு இறால் தாங்காது, விறைத்துவிடும். தலையும் ஓடும் அவித்த தண்ணீரில் ஆணத்தைக் கூட்டி, பிடிகளை முதலில் அவியவிட்டு, முதற்பாலுக்குச் சற்று முன்னால் இறாலைப் போடச் சொன்னேன். தேங்காய் துருவ மகளை அனுப்பியிருக்கிறேன்.